எல்லோருக்கும் தெரிந்த விடை

அவளை எல்லோரும் மேனேஜர் என்றுதான் கூப்பிடுவார்கள். எந்தக் கம்பெனிக்கும் அவள் மேனேஜர் இல்லை. கண்ணாடிக்கடையின் பின்பக்க அறையில் உட்கார்ந்து, லென்ஸை ஃபிரேமுக்குத் தக்கபடி தேய்த்துப் பொருத்துவதுதான் அவள் வேலை. ஆனால் நாலு பேர் சேர்ந்து ஒரு காரியம் செய்வதென்றால், மூன்று பேர் சும்மா இருக்க ஒருத்தி மட்டும் எல்லாவற்றையும் இழுத்துப் போட்டுக்கொண்டு செய்வாளே, அந்த ஒருத்தி இவள். எங்கே சந்திப்பது, யார் என்ன கொண்டுவருவது, யார் எந்தப் பக்கம் உட்கார்வது வரைக்கும் இவள் சொன்னால்தான் நடக்கும். அப்படி ஒட்டிக்கொண்ட பெயர் அது. அதில் அவளுக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு.

மற்ற மூன்று பேரும் அதே கடையில் பழக்கமானவர்கள்தான். கேஷியர் இப்போது வேறொரு கடையில் கல்லாவில் இருக்கிறாள். நெட்டை கல்யாணம் ஆகி வேறு ஊருக்குப் போய்விட்டாள். கடைசியாக வேலைக்குச் சேர்ந்தவள் சின்னவள். வருகிறவர்களின் முகத்தைப் பார்த்து, உங்களுக்கு இந்த ஃபிரேம் எடுக்கும், அது எடுக்காது என்று சொல்லுகிற வேலை அவளுக்கு. இன்றைக்கும் மேனேஜரும் அவளும் ஒரே மேசையில்தான் மதியச் சாப்பாடு சாப்பிடுகிறார்கள்.

நெட்டை ஊரில் இருந்தவரைக்கும் மாதத்துக்கு ஒருமுறை யார் வீட்டிலாவது கூடிவிடுவார்கள். சாப்பிட்டு, சிரித்து, முதலாளியை நார் நாராகக் கிழித்துவிட்டுக் கலைவார்கள். சின்னவளின் வீட்டுக்காரன் வேலை பார்த்த இடத்தை மூடிவிட்ட பிறகு ஒரு சின்ன மாற்றம் வந்தது. கிளம்பும் நேரத்தில் அவள் தன் பையிலிருந்து ஒரு டப்பாவை எடுப்பாள். "வீணாத்தானே போகும் அக்கா" என்பாள். அடுத்த மாதம் அது இரண்டு டப்பா ஆனது, அப்புறம் மூன்று. பிறகு அவள் கேட்பதையும் விட்டுவிட்டாள். தானே எடுத்து நிரப்பிக்கொள்வாள். எல்லாப் பாத்திரத்தையும் கழுவிக் கவிழ்த்துவிட்டுத்தான் போவாள். அதற்கு யாரும் பெயர் வைக்கவில்லை. டப்பாவுக்கு மட்டும் வைத்தார்கள். டப்பா ராணி.

பெயர் வைத்தது மேனேஜர்தான். நாக்கின் நுனியில் எப்போதும் ஒரு பெயர் தயாராக இருக்கும் அவளுக்கு. கேஷியரின் குறட்டைக்கு ஒன்று, நெட்டையின் நடைக்கு ஒன்று. அதெல்லாம் நேருக்கு நேர் சொல்லிச் சிரித்து, திருப்பி வாங்கிக் கட்டிக்கொள்வது. இந்த ஒரு பெயர் மட்டும் உரியவளின் காதுக்குப் போகாமல் மூன்று பேருக்குள்ளேயே சுற்றிவந்தது. அதிலிருந்தே அது எப்பேர்ப்பட்ட பெயர் என்று மேனேஜருக்குத் தெரிந்திருக்க வேண்டும். தெரிந்துதான் இருந்தது.

நெட்டை போன பிறகு கூட்டம் நின்றுபோனது. அப்போதுதான் கேஷியர் இந்த இணைய விளையாட்டைக் கண்டுபிடித்துக் கொண்டுவந்தாள். ஒருத்தர் படம் வரைய வேண்டும், மற்றவர்கள் அது என்னவென்று எழுத வேண்டும். சீக்கிரம் சொன்னவருக்கு அதிகப் புள்ளி. சரியாகச் சொல்லிவிட்டால் வரைந்தவருக்கும் புள்ளி. ஊரார் நுழையாதபடி தனி அறை ஒன்றைத் திறந்து, அதன் லிங்க்கை வேண்டியவர்களுக்கு மட்டும் அனுப்பலாம். அறையைத் திறக்கிறவர் எத்தனை சுற்று, எவ்வளவு நேரம், என்னென்ன வார்த்தைகள் என்பதைத் தானே வைத்துக்கொள்ளலாம். இப்படி ஒரு பதவி இருக்கும்போது அது வேறு யாருக்குப் போகும்? மேனேஜர் அறையைத் திறந்தாள். பேசினால் விடையை உளறிவிடுவார்கள் என்று, யாரும் பேசக்கூடாது, எழுத மட்டும்தான் வேண்டும் என்று சட்டமும் போட்டாள்.

போன ஞாயிறு மூன்று பேர் மட்டும் ஆடினார்கள். வார்த்தைகளை எல்லாம் மேனேஜர் தன் சொந்தச் சரக்காகவே போட்டிருந்தாள். முதலாளியின் விக், உடைந்த ஏசி, நெட்டையின் நடை. அந்த வரிசையில் போகிற போக்கில் டப்பா ராணியையும் சேர்த்தாள். நெட்டைக்கு அது வந்தது. அவள் ஒரு பையை வரைந்து முடிப்பதற்குள் கேஷியர் விடையைச் சொல்லிவிட்டாள். மூன்று வீட்டில் மூன்று பேர் தனித்தனியாக வயிறு வலிக்கச் சிரித்தார்கள்.

இந்த வாரம் மதியச் சாப்பாட்டு மேசையில் சின்னவளே பேச்செடுத்தாள். ஏதோ படம் வரைகிற ஆட்டம் ஆடுகிறீர்களாமே, கேஷியர் அக்கா சொன்னாள், என்னையும் சேர்த்துக்கொள்வீர்களா என்று கேட்டாள். சங்கோஜப்பட்டுக்கொண்டேதான் கேட்டாள். மேனேஜருக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. உன்னைச் சேர்க்காமல் என்ன, நீ இல்லாமல் ஆட்டமே சப்பென்று இருந்தது என்று வாய் கூசாமல் சொன்னாள்.

ஞாயிற்றுக்கிழமை பிற்பகல். வீட்டில் எல்லோரும் உண்ட மயக்கத்தில் இருந்தார்கள். மேனேஜர் இஸ்திரி மேசையின் மேல் லேப்டாப்பை வைத்துக்கொண்டு அறையைத் திறந்தாள். அவசர அவசரமாகக் கொஞ்சம் புது வார்த்தைகளைத் தட்டினாள். மேலே ஏற்கெனவே என்ன கிடக்கிறது என்று பார்க்கவில்லை. லிங்க்கை அனுப்பினாள். ஒவ்வொருத்தியாக வந்து சேர்ந்தார்கள்.

சின்னவள் போனில் விரலால்தான் வரைந்தாள். ஆனாலும் பிரமாதமாக வரைந்தாள். நாள் முழுக்க முகங்களைப் பார்த்துக்கொண்டு நிற்கிறவள் அல்லவா? இரண்டு கோடு இழுத்தால் ஆள் யாரென்று தெரிந்துவிடுகிறது. மற்றவர்களுக்கு மாடு வரைந்தால் அது மேசையாக வந்தது. கேஷியர், இவ்வளவு நாள் இவளை வெளியே விட்டுவைத்தோமே என்று எழுதினாள். சின்னவள் சிரிக்கிற பொம்மைகளை வரிசையாக அனுப்பினாள். கடையில்கூட அவள் இப்படிக் குஷியாக இருந்து மேனேஜர் பார்த்ததில்லை.

இரண்டாவது சுற்றில் கேஷியர் ஒரு மொட்டைத் தலையையும் அதன் மேல் பறக்கிற ஏதோ ஒன்றையும் வரைந்தாள். முதலாளியின் விக் என்று மேனேஜர் உடனே அடித்தாள். புள்ளி ஏறியது. சிரித்தாள். சிரிப்பு பாதியில் நின்றது. அந்த வார்த்தையை இன்றைக்கு அவள் போடவில்லை. அது போன வாரத்து வார்த்தை. அந்த இணையப் பக்கம் பழைய வார்த்தைகளை அப்படியே நினைவில் வைத்திருக்கிறது. அப்படியென்றால் அதுவும் உள்ளே இருக்கிறது.

திருடனுக்குத் தேள் கொட்டியதுபோல் ஆயிற்று. வாய் விட்டுக் கத்தவும் முடியாது. ஆட்டம் தொடங்கிய பிறகு வார்த்தைகளை மாற்ற முடியாது; அறையை மூடத்தான் முடியும். நெட் போய்விட்டது என்று ஒரு பொய் சொன்னால் தீர்ந்தது. அந்தப் பொய் கைக்கெட்டும் தூரத்தில்தான் இருந்தது. ஆனால் இத்தனை வார்த்தைகளுக்கு நடுவில் அந்த ஒன்றா வரப்போகிறது, வந்தாலும் சின்னவளுக்கா வரப்போகிறது என்று மனசு கணக்குப் போட்டது. அது மட்டும் காரணமாக இருந்தால்கூடப் பரவாயில்லை. அவள் அப்போது முதலிடத்தில் இருந்தாள். கேஷியரைவிடக் கொஞ்சம் முன்னால். மூடினால் அது போய்விடும். நாற்பது வயதுப் பெண்பிள்ளை, ஒரு விளையாட்டின் புள்ளிக்காக மூடாமல் இருந்தாள். இதைச் சொல்லவே வெட்கமாக இருக்கிறது, ஆனால் நடந்தது அதுதான்.

கடைசிச் சுற்று. கடைசி முறை சின்னவளுடையது. வரைகிறவருக்கு மூன்று வார்த்தைகள் வரும். ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அதுவரை சட்டென்று எடுத்துக்கொண்டிருந்தவள் இந்த முறை எடுக்கவில்லை. சின்னவள் தேர்ந்தெடுக்கிறார், தேர்ந்தெடுக்கிறார் என்று திரை சொல்லிக்கொண்டே இருந்தது. பிறகு மேலே எழுத்துகளுக்கான கோடுகள் வந்தன. கொஞ்சம் கோடு, ஓர் இடைவெளி, மறுபடி கொஞ்சம் கோடு.

சின்னவள் நிதானமாக வரைந்தாள். ஒரு பெண். தோளில் பை. முகத்துக்கு இரண்டே கோடு, ஆனால் அது அவளேதான். கையில் ஒன்றன்மேல் ஒன்றாக டப்பாக்கள். தலையில் ஒரு கிரீடம்.

யாரும் எதுவும் எழுதவில்லை.

கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. கொஞ்ச நேரம் கழித்துக் கேஷியர், "பஸ் ஸ்டாண்டா?" என்று எழுதினாள். நெட்டை, "ஷாப்பிங்?" என்றாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிற வேலை. படத்தில் பஸ்ஸும் இல்லை, கடையும் இல்லை. போன வாரம் வெறும் பையைப் பார்த்தே விடை சொன்னவர்கள் இவர்கள். மேனேஜரின் விரல்களும் சும்மா இருக்கவில்லை. "மகாராணியா?" என்று அடித்தாள். அடித்த கையோடு தன் மேலேயே அவளுக்கு அருவருப்பு வந்தது.

படத்தில் விரல் ஒரு நொடி நின்றது. பிறகு பக்கத்தில் ஒரு கதவு வந்தது. கதவோரத்தில் இன்னொரு பெண். கண்ணாடியை நெற்றிக்கு மேல் ஏற்றிவிட்டிருந்தாள். அப்படி ஏற்றிவிடுகிறவள் அந்த நாலு பேரில் மேனேஜர் ஒருத்திதான். சிரிப்பை அடக்க அவள் கையால் வாயைப் பொத்தியிருந்தாள். அவளுக்குப் பின்னால் ஓர் உயரமான உருவம், ஒரு குண்டு உருவம். அவர்களும் சிரித்தார்கள்.

எல்லாம் சின்னவளுக்குத் தெரிந்திருக்கிறது. எப்போதிலிருந்து என்று கேட்க வேண்டியதே இல்லை; படத்தில் இருப்பது மேனேஜரின் சமையலறைக் கதவு.

மேனேஜரின் முகம் பற்றி எரிந்தது. பக்கத்தில் யாரும் இல்லாவிட்டாலும் லேப்டாப்பை விட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். விடையை எழுதினால், ஆமாம், உனக்கு இந்தப் பெயரை வைத்தவள் நான்தான் என்று அவள் முகத்துக்கு நேரே சொன்னதாகும். எழுதாவிட்டால், தன்னைத் தானே இப்படி நிறுத்தி வரைந்து காட்டியவளைக் கடைசி நொடி வரை தனியாக நிற்க விட்டதாகும். இன்னும் கொஞ்ச நேரம்தான் இருந்தது. அவள் டப்பா ராணி என்று அடித்து அனுப்பினாள்.

மேனேஜர் விடையைக் கண்டுபிடித்துவிட்டார் என்று பச்சை எழுத்தில் வந்தது. வேறு யாரும் கண்டுபிடிக்கவில்லை. நேரம் முடிந்ததும் அந்த வார்த்தை பெரிதாக எல்லோர் திரையிலும் வந்து நின்றது. அப்புறம் ஆட்டம் முடிந்து, மேனேஜருக்கு முதல் பரிசுக் கோப்பை கொடுத்து, வண்ணக் காகிதங்களைத் தூவியது. அந்தக் கோப்பையைப் பிடுங்கி எறிய முடிந்தால் எறிந்திருப்பாள்.

கேஷியர் சொல்லாமல் கொள்ளாமல் வெளியேறினாள். நெட்டையும் போனாள். மூன்று பேர் மட்டும் இருக்கிற இன்னொரு குழுவில் போன் படபடவென்று அடித்தது. என்னடி இது, எப்படி வந்தது, இனி அவள் மூஞ்சியில் எப்படி முழிப்பது என்று கேட்டார்கள். மேனேஜர் பதில் போடவில்லை. நாளைக்கு அவளோடு ஒரே மேசையில் உட்கார்ந்து சாப்பிட வேண்டியவள் இவள்தான். அறையில் சின்னவளின் பெயர் இன்னும் இருந்தது. மேனேஜர் அவளைப் போனில் அழைத்தாள்.

"சொல்லுங்க அக்கா" என்றாள் சின்னவள். குரல் எப்போதும்போலத்தான் இருந்தது.

மன்னிப்புக் கேட்கத்தான் அழைத்தாள். வாயிலிருந்து வந்தது வேறு. "மூணு வார்த்தை வந்திருக்குமே. வேற எதையாவது எடுத்திருக்கலாமே."

"மத்த ரெண்டும் எனக்கு வரையத் தெரியல அக்கா. இதுதான் தெரிஞ்சுது."

அதில் கோபம் இல்லை. கோபம் இருந்தால் மேனேஜருக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும். அவள் தடுமாறித் தடுமாறிச் சொன்னாள். பெயர் வைத்தது நான்தான், மற்ற இரண்டு பேர் மேல் பழி போட மாட்டேன் என்றாள். மனசில் எதுவும் வைத்துக்கொண்டு செய்யவில்லை என்றாள். அதைச் சொல்லும்போதே அது எவ்வளவு மட்டமான சமாதானம் என்று அவளுக்கே கேட்டது. தப்பு, பெரிய தப்பு, நீ என்ன சொன்னாலும் வாங்கிக்கொள்கிறேன் என்றாள். அந்தப் பக்கம் பிள்ளைகள் எதற்கோ சண்டை போடுகிற சத்தம் மட்டும் கேட்டது. அவர்களை அதட்டிவிட்டு, சின்னவள் கேட்டாள்.

"அடுத்த வாரம் ஆட்டம் உண்டா அக்கா?"

மேனேஜருக்குப் போன உயிர் திரும்பி வந்தது. அப்பாடா, இவள் நம்மை விட்டுப் போகவில்லை. இந்த நல்ல மனசுக்கு ஏதாவது செய்தாக வேண்டும் என்று அவளுடைய பழைய ஏற்பாட்டுப் புத்தி துள்ளி எழுந்தது. "அதெல்லாம் வேணாம். அடுத்த வாரம் எல்லாரும் என் வீட்டுக்கு வாங்க, நெட்டையையும் வரச் சொல்றேன். நானே சமைக்கிறேன். பிள்ளைங்களையும் கூட்டிட்டு வா. எவ்வளவு வேணும்னாலும்..."

எவ்வளவு வேணும்னாலும் என்ற இடத்தில் அவளுக்கே நாக்கு நின்றுவிட்டது.

"வீட்டுக்கு வேணாம் அக்கா" என்றாள் சின்னவள். "இதுவே போதும். இதுல சாப்பாடு கிடையாது இல்ல? அதான் நானும் வரேன்னு கேட்டேன்."

மேனேஜர் சரி என்றாள். நாளைக்குக் கடையில் பார்க்கலாம் அக்கா என்று சொல்லிவிட்டுச் சின்னவள்தான் போனை வைத்தாள்.