முத்துக்குமாரு கொலைகாரரான கதை

பிரிக்பீல்ட்ஸில் அச்சகம் வைத்திருந்த ரெங்கசாமிக்கு, தன் வாரப் பத்திரிகையில் ஒரு துப்பறியும் படக்கதை வரவேண்டும் என்ற ஆசை 1984இல் வந்தது. படம் வரைய ஆள் தேட வேண்டியிருக்கவில்லை. கல்யாணப் பத்திரிகைக்குப் பிள்ளையாரும் துணிக்கடை விளம்பரத்துக்குச் சேலை கட்டிய பெண்ணுமாக வரைந்துகொண்டு அச்சகத்திலேயே தங்கமணி இருந்தாள். செந்தூலிலிருந்து தினமும் பஸ்ஸில் வருபவள். பிள்ளையார் வரைந்து வரைந்து அலுத்துப் போயிருந்தாள்.

"கொலை வரையணுமா அண்ணே? நாளைக்கே ஆரம்பிச்சிடுறேன்" என்றாள்.

வசனத்தை ரெங்கசாமியே எழுதுவதாக ஏற்பாடு. முதல் வாரம் அவர் எழுதிக் கொடுத்ததை எல்லாம் கட்டங்களுக்குள் அடைத்தபோது துறைமுகம் மறைந்தது, கப்பல் மறைந்தது, கதையில் காணாமல் போக வேண்டியவரும் மறைந்தார். ஒரு சப்பாத்துக் கால் மட்டும் மூலையில் எட்டிப் பார்த்தது. இரண்டாவது வாரம் தங்கமணி வசனத்தாள்களை மேசை இழுப்பறைக்குள் போட்டு மூடிவிட்டு, வெறும் படங்களை அச்சுக்கு அனுப்பினாள். ஒரு மாதம் இப்படியே போனது.

"பேச்சே இல்லையேம்மா! யாருக்கு லா புரியும்?" என்றார் ரெங்கசாமி.

"பார்த்தா புரியும் அண்ணே."

"என்னத்தப் பார்க்கிறது? ஒரு மாசமா ஒருத்தன் நடந்துகிட்டே இருக்கான்."

"நீங்க எழுதியிருந்தா இந்நேரம் அவனே வந்து எல்லாத்தையும் ஒப்புவிச்சிட்டு ஜெயிலுக்குப் போயிருப்பான். கதை முடிஞ்சிருக்கும்."

ரெங்கசாமி படங்களை அப்படியே அச்சுக்கு எடுத்துப் போனார். ஏனென்றால் பத்திரிகை விற்றது.

கதை இதுதான். போர்ட் கிள்ளானில் கிடங்கு வைத்திருந்த ஒரு முதலாளி ஒரு வெள்ளிக்கிழமை காணாமல் போகிறார். அன்று சாயங்காலம் பிரிக்பீல்ட்ஸ் பஸ் நிறுத்தத்தில் ஒரு மனிதர் இறங்குகிறார். ஒரு வாரம் முழுக்க அவர் முகம் மட்டும். அடுத்த வாரம் அவர் நடந்து போகும் தெரு. ஈரமே இல்லாத தெரு. அதற்கடுத்த வாரம் அவர் கையில் சொட்டச் சொட்ட ஒரு குடை. அப்படியானால் மழை எங்கே பெய்தது? இவர் எங்கே போய் வருகிறார்? சாப்பாட்டுக் கடைகளில் ஆட்கள் தேநீர் ஆறிப்போவது தெரியாமல் இதைப் பேசினார்கள். பிறகு ஒரு வாரம், சட்டைக் கையின் மடிப்பில் கறுப்பாக ஒரு கறை. அந்த வாரம் பத்திரிகை திங்கட்கிழமைக்குள் தீர்ந்துவிட்டது.

தங்கமணி இதையெல்லாம் ஆகாயத்திலிருந்து எடுக்கவில்லை. வெள்ளிக்கிழமைகளில் அச்சு வேலை முடிந்து இரவில் வீட்டுக்குப் போக அவள் பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போது, கிள்ளான் பஸ்ஸிலிருந்து ஒரு பெரியவர் இறங்குவார். முகத்தில் யாரிடமும் சொல்ல முடியாத ஒரு திருப்தி இருக்கும். ஒருநாள் இங்கே ஒரு தூறல்கூட இல்லாதிருக்க, அவர் குடை சொட்டியது. இன்னொரு நாள் சட்டைக் கையில் கறை. பெயர் தெரியாது, ஊர் தெரியாது. முகத்தை அப்படியே எடுத்துக்கொண்டாள். மூக்கை மாற்றியிருக்கலாம். ஆனால் அது நல்ல மூக்கு, மாற்ற மனம் வரவில்லை.

அந்த மூக்குக்குச் சொந்தக்காரர் முத்துக்குமாரு. அரசாங்க அலுவலகம் ஒன்றில் தலைமைக் குமாஸ்தா. யாழ்ப்பாணத்துக் குடும்பம், கல்யாணம் செய்துகொள்ளவில்லை, அக்கா நேசம்மாவோடு குவாட்டர்ஸில் வாசம். நாற்பத்தெட்டு வயதுவரை யாரும் அவரை இரண்டாம் தடவை திரும்பிப் பார்த்ததில்லை. கடையில் தேநீர் கேட்டால் பக்கத்து மேசைக்குப் போகும். லிப்ட் வாசலில் அவர் நிற்கும்போதே கதவை மூடுவார்கள்.

படக்கதை வந்த பிறகு எல்லாம் மாறிப்போனது. கடைப் பையன்கள் ஓடிவந்து மேசையைத் துடைத்தார்கள். "அங்கிள், சீனி போதுமா அங்கிள்?" என்று பயந்து பயந்து கேட்டார்கள். அலுவலகத்தில் தாமதமாக வருகிறவர்கள் அவர் மேசையைக் கடக்கும்போது குனிந்து நடந்தார்கள். முத்துக்குமாருவுக்கு முதலில் காரணம் விளங்கவில்லை. விளங்கியபோது கோபப்பட வேண்டும் என்று நினைத்தார். நினைத்துக்கொண்டே, கண்ணாடியின் முன் நின்று அந்தப் படத்தில் இருப்பதுபோல ஒரு புருவத்தைத் தூக்கிப் பார்த்தார்.

கோபப்படும் வேலையை நேசம்மா ஏற்றுக்கொண்டார். ஆனால் அவருடைய கோபம் மூக்கைப் பற்றியதல்ல. தம்பியின் சட்டைகளை முப்பது வருடமாகத் துவைக்கிறவர் அவர். அந்தக் கறையை அவருக்குத் தெரியும். வெள்ளிக்கிழமைகளில் வேலை முடிந்து கிள்ளானில் ஒரு கோயிலுக்குப் போய்வருவதாகத் தம்பி சொல்வார். கையில் என்ன என்று கேட்டால், "குங்குமம் அக்கா" என்பார். நேசம்மாவும் நம்பிச் சவர்க்காரம் போட்டுத் தேய்த்திருக்கிறார். இப்போது பத்திரிகையை ஜன்னலோரம் வைத்து, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, கட்டம் கட்டமாகப் பார்த்தார். எழுத்தில்லாத கதையைப் படிக்க நேரம் பிடித்தது. மறுநாள் அச்சகத்துக்குப் போனார்.

முகத்தைப் பார்த்ததுமே தங்கமணிக்குப் புரிந்துவிட்டது, அதே மூக்கு.

"பிள்ளை, நீயோ இதை வரைஞ்சது?"

"ஆமா ஆன்டி. அது வந்து… சும்மா கதைதான் ஆன்டி."

"அது கிடக்கட்டும். உந்தக் கறை என்ன?"

"ரத்தம்."

"கதையைக் கேக்கேல்லை. நீ நேரிலை பாத்தது என்ன நிறம்?"

தங்கமணி யோசித்தாள். "சிவப்புன்னு சொல்ல முடியாது ஆன்டி. ஆரஞ்சு மாதிரி. சுத்தி எண்ணெய் ஊறியிருந்துச்சு. எங்கிட்ட கறுப்பு மைதானே இருக்கு, அதுல எல்லாமே ரத்தமாயிடுது."

நேசம்மா கைப்பையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டார்.

"எந்தக் கோயிலிலை எண்ணெய் விட்டுக் குங்குமம் குடுக்கினம்?" என்றார். "வெள்ளிக்கிழமை உனக்கு வேலை இருக்கோ?"

உள்ளேயிருந்து ரெங்கசாமி, "அவளுக்கு லீவு கொடுத்தாச்சு ஆன்டி!" என்று கத்தினார். கதை எப்படி முடியும் என்று அவருக்கும் தெரிய வேண்டியிருந்தது.

வெள்ளிக்கிழமை இரண்டு பேரும் கிள்ளான் பஸ்ஸின் கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். நேசம்மா சேலைத் தலைப்பால் முக்காடு போட்டிருந்தார். முன்னால் இருந்த முத்துக்குமாரு பஸ் புறப்பட்ட உடனே வாயைத் திறந்துகொண்டு தூங்கிப்போனார். கொலைகாரருக்கு இருக்க வேண்டிய உஷார் எதுவும் அவரிடம் இல்லை.

கிள்ளானில் இறங்கியவர் நேராகக் கோயிலுக்குத்தான் போனார். நேசம்மாவின் முகம் மலர்ந்தது. "பாத்தியோ? என்ரை தம்பி பொய் சொல்ல மாட்டான். சும்மா அவனைப் போய்…" என்று அவர் ஆரம்பிக்கும்போதே, முத்துக்குமாரு நெற்றியில் திருநீற்றோடு வெளியே வந்தார். ஒரு சுற்று சுற்றுவதற்கான நேரம்கூட ஆகவில்லை. கால்கள் ஓட்டமாக ஓடின. எதிரே நின்ற போர்ட் கிள்ளான் பஸ்ஸில் தாவி ஏறினார்.

"ஓடு பிள்ளை!" என்றார் நேசம்மா.

போர்ட் கிள்ளானில் மீன்பிடிப் படகுகள் கட்டியிருக்கும் இடத்துக்கு அருகே ஒரு சீனர் கடை. முத்துக்குமாரு எதுவும் கேட்காமலே, கடைக்காரர் பெரிய தட்டு ஒன்றைக் கொண்டுவந்து வைத்தார். மலைபோல் நண்டு. மேலே எண்ணெய் மிதக்கும் ஆரஞ்சு நிறக் குழம்பு. முத்துக்குமாரு கடிகாரத்தைக் கழற்றிப் பைக்குள் போட்டார். சட்டைக் கையை மடித்துவிட்டார். போதுமான அளவு மடிக்கவில்லை. பெரிய காலொன்றை எடுத்துப் பல்லுக்கிடையில் வைத்தபோது, எதிர் நாற்காலியில் நேசம்மா வந்து உட்கார்ந்தார்.

நண்டுக்கால் வாயிலேயே இருந்தது. எடுப்பதா கடிப்பதா என்று தெரியாமல் முத்துக்குமாரு அப்படியே இருந்தார். தூரத்து மேசையில் உட்கார்ந்த தங்கமணிக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டாள். இதை வரைந்தால் எத்தனை கட்டம் தேவைப்படும் என்று கை தானாக மேசைமேல் கோடு இழுத்தது.

"மினும் அப்பா?" என்று குடிக்க என்ன வேண்டுமெனக் கடைக்காரர் வந்து கேட்டார்.

"தே ஓ" என்றார் நேசம்மா, தம்பியை விட்டுக் கண்ணை எடுக்காமல்.

பாலில்லாத அந்தத் தேநீர் வந்ததும் நேசம்மா அதைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"எத்தினை வருசம்?"

"கொஞ்ச… கொஞ்ச நாள்தான் அக்கா."

"கேக்காமலே கொண்டுவந்து வைக்கிறான். கொஞ்ச நாளோ?"

முத்துக்குமாரு தட்டைத் தள்ளி வைத்தார். "வீட்டிலை ஏன் மீன் நண்டு கூடாதெண்டு நீங்கள் ஒருநாளும் சொல்லேல்லையே அக்கா. கேட்டால் கூடாதெண்டு மட்டும் சொல்லுவியள்."

நேசம்மா தேநீரைக் கலக்கினார். கலக்க வேண்டிய அவசியமே இல்லை, சீனி ஏற்கெனவே கரைந்திருந்தது.

"ஜப்பான்காரன் காலம். உனக்கு ஒன்பது வயசு, நெருப்புக் காய்ச்சல். ஆசுப்பத்திரியிலை மருந்தில்லை. அம்மா அழுதுகொண்டே இருந்தா. நான் கந்தசாமி கோயிலிலை போய் நிண்டு, இவன் எழும்பினால் எங்கட அடுப்பிலை இனி மீன் நண்டு ஏறாதெண்டு நேர்ந்துபோட்டன். எனக்குத் தெரிஞ்ச பெரிய விருப்பம் அதுதான். அம்மா வைக்கிற நண்டுக்கறிக்கு நான் சட்டியோடை சண்டை பிடிக்கிறனான்."

முத்துக்குமாருவின் முகம் சுருங்கிப்போனது. எழுந்து குழாயடிக்குப் போய்க் கையைக் கழுவிக்கொண்டு வந்தார். "இனி வேண்டாம் அக்கா. இண்டையோடை விட்டன்."

"இரு" என்றார் நேசம்மா. வெகுநேரம் படகுகளைப் பார்த்தார். பிறகு விரலை நீட்டி ஒவ்வொன்றாகச் சரிபார்ப்பவர்போலச் சொன்னார். "நேர்ந்தது நான். நீ இல்லை. சொன்னது எங்கட அடுப்பு. இது சீனன்ரை அடுப்பு. முருகன் கணக்குப் பாக்கிறவர், என்னை மாதிரிக் குழப்பமாட்டார். சாப்பிடு. காசு குடுத்ததை வீணாக்காதை."

"நிசமாவோ?"

"ஆனால் ஒண்டு. இனி ஒருக்கால் குங்குமம் எண்டு சொன்னியோ, அந்தப் பிள்ளை வரைஞ்சதை நான் உண்மையாக்கிப்போடுவன்."

தங்கமணியையும் கூப்பிட்டு மேசையில் உட்கார வைத்தார்கள். அவளும் நண்டு சாப்பிட்டாள். முத்துக்குமாருவைக் கொலைகாரராக்கியவள் இவள்தான் என்று அறிமுகம் நடந்தபோது, அவர் கோபித்துக்கொள்வார் என்று தங்கமணி எதிர்பார்த்தாள். அவர் இன்னொரு நண்டைத்தான் அவள் பக்கம் தள்ளினார்.

"அங்கிள், அடுத்த வாரமே உங்களை நிரபராதி ஆக்கிடுறேன்" என்றாள் தங்கமணி.

முத்துக்குமாரு அக்காவை ஒருமுறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "ஏன் அவ்வளவு அவசரம்? தீபாவளி வரைக்கும் போகட்டுமே."

அப்படியே போனது. ரெங்கசாமிக்கும் அது வசதியாக இருந்தது. தீபாவளி மலரில், காணாமல் போன கிடங்கு முதலாளி உயிரோடு கிடைத்தார். காப்பார் என்ற ஊரில் உறவுக்காரர் வீட்டில் பேர் மாற்றிக்கொண்டு கோழி வளர்த்துக்கொண்டிருந்தார். கொலையே இல்லாத கொலைக் கதையா என்று ரெங்கசாமி தலையில் கைவைத்துக்கொண்டார். வாசகர்கள் திட்டினார்கள், திட்டுவதற்காகவே இரண்டு பிரதி வாங்கினார்கள். கொலையே இல்லாமல் முடிக்கும் யோசனை நேசம்மாவுடையது. "ஒருத்தரும் சாக வேண்டாம் பிள்ளை, மனுசருக்கு ஒளிக்க எவ்வளவோ இருக்கு" என்று அவர் சொல்லியிருந்தார். தங்கமணி அடுத்த கதையை வரையத் தொடங்கியபோது, படங்களை அச்சுக்குப் போகும் முன்பே வந்து பார்க்கும் உரிமை அவருக்குக் கிடைத்தது.

முத்துக்குமாருவுக்கு மட்டும் கொஞ்சம் நஷ்டம். மலர் வெளியான மறுநாள் கடையில் அவர் கேட்ட தேநீர் மறுபடியும் பக்கத்து மேசைக்குப் போனது. புருவத்தைத் தூக்கிப் பார்த்தார். "என்ன அங்கிள், கண்ணுல தூசியா?" என்று கேட்டுவிட்டுப் பையன் போய்விட்டான்.

வெள்ளிக்கிழமைகளில் இப்போது அக்காவும் தம்பியும் சேர்ந்தே பஸ் ஏறுகிறார்கள். கிள்ளான் கோயிலில் நேசம்மா சாவகாசமாக மூன்று சுற்றுச் சுற்றுவார்; முத்துக்குமாரு வாசலில் நின்று தவித்துக்கொண்டிருப்பார். சீனர் கடையில் நேசம்மா கடலைப் பார்த்த நாற்காலியில், மேசைக்கு முதுகு காட்டி உட்கார்ந்து தேநீர் குடிப்பார். ஒருநாள் காற்று நண்டுக் குழம்பின் மணத்தோடு அவர் பக்கமாகத் திரும்பி வீசியபோது, திரும்பிப் பார்க்காமலே கேட்டார்.

"உவன் இஞ்சி போடேல்லைப் போலை?"

"இல்லை அக்கா."

"போடச் சொல்லு" என்றார் நேசம்மா.