கமராவைப் பார்த்தவர்

என் அண்ணன் சிவபாலன் உண்மையை மட்டுமே படம் பிடிப்பவர். இதை அவரே சொல்லுவார். வெள்ளவத்தையில் எங்கள் வீட்டுக்கு வருகிற ஒருவரையும் விடாமல் இருத்தி வைத்துச் சொல்லுவார். நடிகர் வேண்டாம், சோடனை வேண்டாம், வேலை செய்கிற சனம் வேலை செய்கிறபடியே இருக்க வேண்டும். கமராப் பக்கம் கண்ணைத் திருப்பினால் அது நடிப்பு. அந்தத் துண்டை வெட்டி எறிந்துவிடுவார். இந்தச் சட்டத்துக்காகவே வெள்ளைக்காரத் துரைமார் அவரைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடினார்கள்.

யுத்த காலத்தில் அரசாங்கத்துக்காகக் கொழும்புத் துறைமுகத்தை விவரணப் படமாக எடுத்தார். மூட்டை தூக்குகிற சுடலைமுத்து என்பவரைச் சுற்றியே படம். கொட்டாஞ்சேனையில் குடியிருந்தவர், நல்ல உயரம். எடுத்து முடித்த சில நாளில் ஜப்பான்காரன் குண்டு போட்டான். துறைமுகத்தில் வேலையில் நின்ற சுடலைமுத்து செத்துப்போனார். கடைசியாக ஒருதரம் பார்க்க முகம்கூட மிஞ்சவில்லை என்றார்கள்.

அண்ணன் செத்தவீட்டுக்குப் போனார். மனைவி இராமலெட்சுமியிடம் புருஷனின் போட்டோ ஒன்றுகூட இல்லை. ஸ்டூடியோ வாசலை மிதிக்காத சனம். அழவேண்டாம், உம்முடைய மனுசன் என் படத்தில் உயிரோடு இருக்கிறார், முகத்தைப் பார்க்கலாம் என்று சொல்லிவிட்டு வந்தார். அதை எங்களிடமும் பெருமையாகச் சொன்னார். அந்தப் பெண் அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு மாதக்கணக்காகக் காத்திருந்தாள்.

ஒருவழியாகக் கொட்டாஞ்சேனையில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டினார்கள். மறுநாள் காலை அவள் எங்கள் வீட்டு வாசலில் நின்றாள். முதுகும் தோளும் மூட்டையும்தான் வந்தன, முகம் எங்கே என்று கேட்டாள்.

முகம் விழுந்தது ஒரேயொரு இடத்தில்தான், அதில் அவர் கமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டார், ஆகவே வெட்ட வேண்டியதாயிற்று என்றார் அண்ணன். அந்தத் துண்டையாவது தரச் சொல்லிக் கெஞ்சினாள். வெட்டின பிலிமை வைத்திருக்க விடமாட்டார்கள், சட்டென்று தீப்பிடிக்கிற சாமான், அப்போதே எரித்தாயிற்று என்றார். பஸ் போய்விட்டது என்று சொல்வதுபோலச் சொன்னார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.



"ஐயா, அவரு ஒங்க பொட்டியப் பாக்கல. அன்னிக்கு ஒங்களுக்குப் பின்னால நான் சோத்தோட நின்னேன். என்னையத்தான் பாத்துச் சிரிச்சாரு."

 அவள் திரும்பி நடந்தாள். ஊரெல்லாம் உண்மையைப் பற்றிக் கதைக்கிற மனுசன் இப்போதாவது அவளைக் கூப்பிட்டு ஒரு வார்த்தை சொல்லுவார் என்று பார்த்தேன். அவர் என் பக்கம் திரும்பினார்.

"அது படம் பாக்கிறவனுக்குத் தெரியாதே, றஞ்சிதம்," என்றார்.

அவள் இன்னும் வாசற்படலையைத் தாண்டவில்லை. அவளுக்கும் கேட்டிருக்கும்.