முதலாளியின் சுண்டுவிரல்

"கடைசியா எப்ப பேசினார்?" என்று டாக்டர் பேனா மூடியைக் கழற்றியபடி கேட்டார்.

"காலைல எட்டரைக்கு. டீ கேட்டார். குடுத்துட்டுத்தான் ஸ்கூலுக்குக் கிளம்பினேன்," என்றாள் மகள்.

பதில் தடங்கலில்லாமல் வந்தது. பத்தாம் வகுப்புக்கு வேதியியல் நடத்துகிறவள் அவள். யோசித்துச் சொல்கிற பிள்ளைகளைத்தான் நம்புவாள், கடகடவென்று ஒப்பிக்கிறவர்களை அல்ல. டாக்டர் அப்படியெல்லாம் பார்க்கவில்லை, எழுதிக்கொண்டார்.

"கொஞ்சம் முன்னாடியே தெரிஞ்சிருந்தா..." என்று அவள் கணவன் இழுத்தான்.

"ஸ்ட்ரோக் வந்த உடனே யாராவது பாத்திருந்தா காப்பாத்தியிருக்கலாம். தனியா இருந்திருக்காரு, என்ன செய்யறது?"

சாய்வு நாற்காலிக்குப் பக்கத்தில் முக்காலி மேல் டீ அப்படியே இருந்தது, ஆடை படர்ந்து. அவள் அதை எடுத்துப் போய் தொட்டியில் ஊற்றி, டம்ளரைத் தேய்த்துக் கவிழ்த்தாள். கவிழ்த்த பிறகுதான் உறைத்தது, துப்பறியும் படங்களில் குற்றவாளி செய்கிற முதல் வேலை இதுதான் என்று.

அப்பா அப்படி ஒரு படத்தில் நடித்திருந்தார். நடித்திருந்தார் என்றால், செத்துக் கிடந்தார். ஒரு தொழிலதிபர் தன் அலுவலக அறையில் கொல்லப்படுகிறார். கொன்றது யார் என்று துப்பறிவாளர் இரண்டரை மணி நேரம் ஊரையே குடைகிறார். பெயர்கள் ஓடி முடிவதற்குள் முதலாளி நாற்காலியில் சாய்ந்துவிடுவார், வலது கை கீழே தொங்க, வாய் லேசாகத் திறந்திருக்க. ஒரு வசனம் கிடையாது. படம் ஓடு ஓடென்று ஓடியது. அதற்கப்புறம் அவருக்கு வந்த வேஷமெல்லாம் பிணம்தான்.

பள்ளியில் அவளைப் 'பொணத்துப் பொண்ணு' என்றார்கள். கல்யாணப் பேச்சு வந்தபோது, அப்பா ஸ்டுடியோவில் மேனேஜர் என்று அவளே சொல்லிவைத்தாள். அப்பா மறுக்கவில்லை. அந்த வேஷத்தையும் வசனமில்லாமலே நடித்துக் கொடுத்தார்.

நேற்று சாயங்காலம் அந்தப் படத்தை டிவியில் போட்டார்கள். அவள் வேலை முடிந்து வந்தபோது ஹால் நிறைய அக்கம்பக்கத்து ஆட்கள். அப்பா நடுவில் உட்கார்ந்து, "இப்ப பாருங்க, கன்னத்துல ஈ வந்து உக்காரும், நான் அசையவே மாட்டேன்," என்று சொல்லிக்கொண்டிருந்தார். முகம் அப்படி மலர்ந்திருந்தது. அவள் நேராகப் போய் டிவியை அணைத்தாள்.

"பரீட்சைப் பேப்பர் திருத்தணும்," என்றாள்.

எல்லோரும் செருப்பைத் தேடினார்கள்.

வீட்டில் சண்டை வந்தால் அவருக்கு ஒரே ஆயுதம்தான். முதலாளி மாதிரி சாய்ந்து கிடப்பார், அவள் சிரிக்கும்வரை. அதனால் இன்று காலை டீயோடு வந்தபோது, அவர் கை தொங்க, வாய் திறந்து கிடந்ததைப் பார்த்து அவளுக்கு எரிச்சல்தான் வந்தது.

"போதும்பா. எனக்கு நேரமாச்சு."

தொங்கிய கையில் சுண்டுவிரல் லேசாக ஆடியது. ஒரு தடவை. மறுபடி ஒரு தடவை.

"ஆடிடுச்சு பாருங்க. டேக் போச்சு," என்று சொல்லி, டீயை முக்காலியில் வைத்துவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு போனாள். பஸ்ஸில் அதை நினைத்து ஒரு சிரிப்புக்கூட வந்தது. அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போது உடம்பே கூசியது.

மதியம், கொலைகாரன் யார் என்று கேட்டுத் தெரிந்துகொள்ள வந்த எதிர்வீட்டு அக்காதான் அவரைப் பார்த்துவிட்டுப் போன் செய்தாள்.

சாயங்காலம் மேக்கப்காரர் வந்தார். அப்பாவுக்கு எல்லாப் படத்திலும் முகம் வெளுக்கப் பூசியவர். கட்டிலில் கிடத்தியிருந்தவரை ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, "நான் பூசினது இதைவிட நல்லா இருக்கும்," என்றார். பிறகு மூக்கை உறிஞ்சிக்கொண்டார்.

"ஆறு மணி நேரம் அந்த நாற்காலில கெடப்பாரும்மா. டைரக்டர் கட்னு சொன்னதும் எல்லாரும் காபி குடிக்கப் போயிடுவாங்க. இவரால எந்திரிக்க முடியாது. உடம்பு மரத்துக் கெடக்கும், பேச்சே வராது. என்னைப் பாத்து சுண்டுவிரலை ரெண்டு தடவை ஆட்டுவாரு. 'தூக்கி விடு'ன்னு அர்த்தம். நான் போயி கழுத்துக்கு அடில கை குடுப்பேன். வேற யாருக்கும் தெரியாது அது."

அவள் கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"கடைசில பக்கத்துல யாராவது இருந்தாங்களாம்மா?"

இல்லையென்று சொல்லக் கணவன் வாயெடுத்தான்.

"நான் இருந்தேன்," என்றாள்.

கணவன் அவளைத் திரும்பிப் பார்த்தான். அவள் அவனைப் பார்க்கவில்லை.

"அது போதும்மா," என்று மேக்கப்காரர் நிம்மதியாகத் தலையாட்டினார்.

வண்டி வந்தது. நாலு பேர் கட்டிலைச் சுற்றி நின்றார்கள். மேக்கப்காரர் பழைய பழக்கத்தில் தலைமாட்டுக்கு நகர்ந்தார்.

"நான் பிடிச்சுக்கறேன்," என்று அவள் முந்திக்கொண்டு கழுத்துக்கு அடியில் கையை நுழைத்தாள். சில்லென்றிருந்தது.

"தூக்கலாமா?" என்று கேட்டான் கணவன்.

எல்லோரும் குனிந்தபடியே காத்து நின்றார்கள். அவள் அப்பாவின் வலது கைச் சுண்டுவிரலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.