வெட்டி எடுத்த நாற்பது நொடி

சலவை நிலையத்தில் அவளை எல்லோரும் மடிப்பக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். ஆஸ்பத்திரிப் போர்வைகளை அவள் மடித்து அடுக்கினால் கத்தியால் வெட்டி வைத்த மாதிரி இருக்கும்.

அங்கே நடப்பதை நடப்பது போலவே படமெடுக்க ஒரு பெண்ணும் ஒரு கேமராக்காரரும் வந்தார்கள். “எங்களைக் கண்டுக்காதீங்க. சுவருன்னு நெனச்சுக்குங்க,” என்றாள் அந்தப் பெண். முதல் வாரம் எல்லோர் முகத்திலும் பவுடர் அப்பியிருந்தது. மூன்றாம் மாதம் அவர்கள் நிஜமாகவே சுவராகிவிட்டார்கள்.

படம் முடிந்ததும், வேலை செய்கிறவர்களுக்கே முதலில் காட்டுவதென்று சாப்பாட்டுக் கூடத்தில் திரை கட்டினார்கள். மடிப்பக்கா தங்கையையும் அழைத்துப் போயிருந்தாள். திரையில் அக்கா சூப்பர்வைசரைப் போல வயிற்றைத் தள்ளி நடந்து காட்டியபோது தங்கைக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறியது.

அடுத்த காட்சியில் சூப்பர்வைசரே வந்தார். “மெஷின் படுத்துடுச்சு. வேணுங்கறவங்க வீட்டுக்குப் போகலாம்.”

திரையில் மடிப்பக்காவின் போன் அடித்தது. “இன்னிக்கு வர முடியாதுடி. ரெண்டு பேர் லீவு. அந்த ஆளு விடவே மாட்டேங்கறான்.” போனை வைத்துவிட்டுப் பக்கத்திலிருந்தவளிடம் சொன்னாள்: “அம்மாவைக் குளிப்பாட்டணுமாம். அந்தக் கோலத்துல அம்மாவைப் பாக்கவே என்னால முடியல. தங்கச்சியே பாத்துக்குவா.” பிறகு காலை நீட்டி உட்கார்ந்து டீ குடித்தாள்.

அதைப் படமெடுத்த மூன்றாம் நாள்தான் அம்மா கண்ணை மூடியிருந்தாள்.

இருட்டில் மடிப்பக்கா தங்கையின் பக்கம் திரும்பினாள். தங்கை திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். படம் முடிந்து வாசலுக்கு வந்ததும் கேட்டாள்.

“ரெண்டு பேர் லீவுன்னு சொன்னியேக்கா.”

“பயமா இருந்துச்சுடி. அம்மாவை அப்படிப் பாக்க…”

“எனக்கு மட்டும் இல்லையா? அம்மா சாகற வரைக்கும் அந்த சூப்பர்வைசரைத் திட்டினா, தெரியுமா? ‘எம் பொண்ணை விட மாட்டேங்கறானே பாவி’ன்னு.”

அவள் பஸ் ஏறிப் போய்விட்டாள்.

மறுநாள் மடிப்பக்கா படமெடுத்த பெண்ணின் முன்னால் போய் நின்றாள். “அந்த இடத்தை எடுத்துடும்மா. உன் காலைப் புடிச்சுக் கேக்கறேன்.”

“நாற்பது நொடிதான்க்கா. ஆனா படத்துலயே நிஜமான இடம் அதுதான்,” என்றாள் அந்தப் பெண். சற்று யோசித்துவிட்டு, “உங்க வாழ்க்கை. எடுத்துடறேன்,” என்றாள்.

மடிப்பக்கா உடனே தங்கைக்குப் போன் போட்டாள். “எடுக்கச் சொல்லிட்டேன்டி. இனிமே யாரும் பாக்க மாட்டாங்க.”

“நான் பாத்துட்டேனே,” என்று சொல்லித் தங்கை போனை வைத்தாள்.

படம் தியேட்டருக்கு வந்தது. நாற்பது நொடி போன இடத்தில் தையல்கூடத் தெரியவில்லை. பஸ் நிறுத்தத்தில் யாரோ ஒரு பெண் மடிப்பக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு, “கொஞ்சம்கூட நடிக்காம, வெள்ளந்தியா இருந்தீங்க,” என்றாள். மடிப்பக்கா கையை விடுவித்துக்கொண்டாள். வந்த பஸ்ஸில் ஏறி, தங்கை வீட்டு நிறுத்தத்துக்கு டிக்கெட் கேட்டாள். கதவைத் திறப்பாளா என்பது தெரியாது.