பிளேட்டில் இல்லாத கல்

"எங்கடா அது?" என்று கேட்டுக்கொண்டே ஹெக்டர் மாஸ்டர் ஸ்டூடியோவுக்குள் ஏறினார். சேறு பிடித்த செருப்பைக் கழற்றவில்லை. கையிலிருந்த கண்ணாடி நெகட்டிவ் பிளேட்டை லூர்துவின் மேசையில் வைத்தார், உடையாதது அதிசயம்.

லூர்து நெகட்டிவ் திருத்துகிறவன். மட்டக்களப்பில் மாப்பிள்ளைமாரின் அம்மைத் தழும்பும் பெண்களின் மருவும் அவன் கத்தியாலும் பென்சிலாலும்தான் மறைந்தன. அதற்கு முன் ஆறு வருடம் றோட்டுக்குக் கல்லுடைத்தான். ஒரு கட்டைவிரல் நகம் இன்னும் நேராக வளரவில்லை.

"எது மாஸ்டர்?"

"புள்ளி. நான் துரத்தின புள்ளி."

கல்லடி என்ற ஊரில் தன் வீட்டு வளவில் தொலைநோக்கியோடு கமராவைப் பூட்டி வானத்தைப் படமெடுப்பவர் ஹெக்டர். செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவில் சுற்றும் கற்களான சிறுகோள்களில் யாரும் காணாத ஒன்றைக் கண்டதாக ஐரோப்பாவுக்கு எழுதியிருந்தார். நெகட்டிவில் கறுப்பாக விழும் நட்சத்திரங்களெல்லாம் அப்படியே இருக்க, இரண்டு இரவுகளில் எடுத்த இரண்டு பிளேட்டுகளிலும் அந்த ஒரு புள்ளி மட்டும் இடம் மாறியிருந்தது. பாதையைக் கணிக்க மூன்றாவது இரவின் இடமும் வேண்டும், இன்னொருவரும் அதைத் தேடுகிறார் என்று பதில் வந்தது. மூன்றாவது பிளேட்டைக் கழுவித் துப்புரவாக்க, பழையதோடு சேர்த்து லூர்துவிடம் கொடுத்திருந்தார்; அதை எடுத்த மறுநாளே மாரி மழை பிடித்துவிட்டது. வானம் வெளிக்கும்போது அந்தக் கல் மங்கிப் போயிருக்கும்.

"போன முறை என்ன சொன்னீங்க?" லூர்து எழும்பவில்லை. "கழுவுற மருந்துக் கறையை நட்சத்திரமெண்டு அளந்து ஒரு கிழமை வீணாப்போச்சு, குருட்டுப்பயலே எண்டு முதலாளிக்கு முன்னால ஏசினீங்க. அதுதான் பழைய பிளேட்டுக்கு மேல புதிசை வெச்சு வெளிச்சத்தில பாத்தன். பழையதில இல்லாத கறுப்பெல்லாம் கறை. சுரண்டிப்போட்டன்."

 பழையதில் இல்லாத கறுப்பு. ஹெக்டர் தேடியதும் அதைத்தான்.

"மடையா! நகருறதைத்தாண்டா நான் தேடினன்!"

"எனக்குச் சொன்னீங்களா?"

"கல்லுடைச்ச உனக்கு அதெல்லாம் என்னத்துக்கு?"

"அதுவும் கல்லுத்தானாமே. கல்லெண்டா உங்களை விட எனக்குத் தெரியும்."

"லூர்து, வாயைப் பொத்து!" என்று உள்ளேயிருந்து முதலாளி வினாயகமூர்த்தி கத்தினார். "பள்ளிக்கூடக் குறூப் படமெல்லாம் மாஸ்டர்தான் நமக்குத் தாறவர்."

லூர்து பிளேட்டை எடுத்து ஜன்னல் வெளிச்சத்துக்குச் சரித்தான். கத்தி பட்ட இடங்கள் மினுங்கின. மொத்தம் ஆறு. பூதக்கண்ணாடி வில்லையை ஹெக்டரிடம் நீட்டினான். அவர் பழைய இரண்டு இடங்களையும் கணக்கிட்டு அடிமட்டம் வைத்தார். கோடு நாலாவது சுரண்டலின் மேல் நேராகப் போனது.

"இதுதான்," என்றார். குரல் இறங்கியிருந்தது. "இதில பென்சிலால ஒரு புள்ளி வை."

"என்ன?"

"கலியாணப் பொம்புளைக்குப் புருவம் கீறுறாய்தானே. வை."

"புருவம் கீறினா மாப்பிள்ளை மட்டும்தான் ஏமாறுவான். நடந்ததை எழுதுங்க மாஸ்டர். சுரண்டினவனும் நான், இடத்தைக் காட்டினவனும் நான். கையெழுத்து வெச்சுத் தாறன். நம்பினா நம்பட்டும்."

"உன்ட கையெழுத்தோட அனுப்பினா வெள்ளைக்காரன் சிரிப்பான்."

"என்னைப் பாத்துச் சிரிக்கிறானோ, உங்களைப் பாத்துச் சிரிக்கிறானோ, ஆருக்குத் தெரியும்?"

ஹெக்டர் மேசையிலிருந்த பென்சிலைப் பறித்தார். குனிந்து தானே வைத்தார். கரும்பலகையில் சோக்குக்கட்டி பிடித்துப் பழகிய கை அது. பக்கத்து நட்சத்திரங்களைவிட நாலு மடங்கு பெரிதாக விழுந்தது புள்ளி. அதை அழிக்க விரலை நாக்கில் தொட்டார்.

"எச்சில் வைக்காதீங்க!"

ஏற்கனவே மாரி ஈரம் குடித்து ஊறியிருந்த பிளேட்டின் மேற்பூச்சு விரலோடு உரிந்து வந்தது. அந்த இடத்தில் வெறும் கண்ணாடி. புள்ளியும் இல்லை, சுரண்டலும் இல்லை. பக்கத்திலிருந்த இரண்டு நட்சத்திரங்களும் போய்விட்டன.

"இது என்ட கை இல்ல," என்றான் லூர்து. "முதலாளி, நீங்களும் பாத்தீங்கதானே?"

வினாயகமூர்த்தி பார்க்காதவர்போல் திரைச்சீலையை இழுத்து மூடிக்கொண்டார்.

வைகாசியில் ஐரோப்பாவிலிருந்து கடிதம் வந்தது. சிறுகோளுக்கு இலக்கம் கொடுத்தாயிற்று, கண்டவர் வேறொருவர். குறுக்களவு சுமார் பதின்மூன்று கிலோமீற்றர். ஒளியின் நிறத்தைப் பார்த்தால் கற்பாறை. ஏழு மணித்தியாலத்துக்கு ஒருமுறை தன்னைத் தானே சுற்றுகிறது. நாலு வருடத்துக்கு ஒருமுறை சூரியனைச் சுற்றிவருகிறது.

அந்தக் கல்லைப் பற்றி ஹெக்டர் வகுப்பில் ஒரு சொல்லும் பேசவில்லை. புள்ளியைச் சுரண்டிய குருட்டுப்பயலென்று லூர்துவைப் பற்றிப் பேசினார்.