பதினொரு விநாடி முகம்

லதீஸ் மிருணாளினியின் வீட்டுக் கராஜுக்குள் நுழையுமுன் செருப்பைக் கழற்றி வாசலில் வைத்தான். சுவரில் கட்டியிருந்த வெள்ளைத் துணியைப் பார்த்து, "சாமிப் படமோ அக்கா?" என்றான்.

"சாமியில்லை, உம்மட முதுகு," என்றாள் மிருணாளினி.

"அப்ப செருப்பைப் போடட்டோ?"

அவள் சிரித்தாள். ட்ருகனினாக் களஞ்சியமொன்றில் பெட்டி ஏற்றும் லதீஸ், தஞ்சம் தேடி இந்த நாட்டுக்குப் படகில் வந்தவன். ஊரில் அவனைத் தேடி இன்னமும் ஆட்கள் வீட்டுக்கு வந்து போகிறார்கள். முகம் தெரியாது என்று அவள் கொடுத்த வாக்கை நம்பித்தான், காவடி எடுத்த அன்று படம்பிடிக்க இசைந்தான். ஆனால் ஆட்டத்தின் உச்சத்தில் அவன் சட்டெனத் திரும்பியபோது அவளுடைய விரல் கமராவின் விசையிலிருந்து எழவில்லை. பதினொரு விநாடி. அவள் இதுவரை எடுத்தவற்றுள் அதற்கு ஈடானது வேறில்லை, அந்தப் படச்சுருளுக்குப் பிரதியும் இல்லை. அவனிடம் மறைக்கவும் மனம் வரவில்லை, வெட்டவும் வரவில்லை.

புரொஜெக்டர் ஓடத் தொடங்கியது. கூரைவரை ஒரு முதுகு எழுந்தது. கயிறு இறுகும்தோறும், முதுகில் கொளுவியிருந்த செடில் முட்கள் தோலைச் சிறு சிறு கூடாரங்களாகத் தூக்கின. அவற்றினிடையே திருநீறு கரைந்த வியர்வை ஓடியது. துளி இரத்தமில்லை. உள்ளே வந்த எதற்கோ உடல் ஒதுங்கி இடம்விடுவது போலிருந்தது.

"இதையோ நான் சுமந்துகொண்டு திரியிறன்?" என்றான் லதீஸ்.

பிறகு முகம். திறந்த கண்கள், அவற்றில் வலியுமில்லை, மகிழ்ச்சியுமில்லை. லதீஸின் கைகள் தாமாகவே குவிந்தன.

சுருள் முடிந்ததும் அவள் சொன்னாள்: "வாக்குத் தவறிப்போட்டன் லதீஸ். இனி நீர் சொல்லுறதுதான் முடிவு."

அவன் வெறுந்துணியைப் பார்த்தபடியே சொன்னான்: "அது நானில்லை அக்கா."

அவளுக்கு மூச்சு வந்தது.

"ஆனா, வீட்டை வந்து விசாரிக்கிறவங்களுக்கு அது நான்தான்."

கத்தரிக்கோலை அவனிடமே கொடுத்தாள். அவன் கையைக் காற்சட்டையில் துடைத்துவிட்டு, சுருளில் முகமிருந்த பகுதியை வெட்டினான். அவனைவிட உயரமாயிருந்த அந்தத் துண்டை, நுனிகூட நிலத்தில் படாமல் சுருட்டிக் கைக்குட்டையில் பொதிந்தான்.

"மிச்சத்தை ஒருக்கா ஓட்டுங்கோ."

முதுகு மறுபடி எழுந்தது. திரை விலகும் நேரத்தில் சந்நிதியில் எழுவதுபோல் அவன் எழுந்து நின்றான். முதுகு திரும்பத் தொடங்கிய கணத்தில், வெட்டிய இடத்தில் படம் அறுந்து, துணி முழுதும் வெளிச்சமாயிற்று. அவனருகே மிருணாளினியும் நின்றிருந்தாள். சப்பாத்தை எப்போது கழற்றினாள் என்று அவளுக்கே தெரியவில்லை.