துண்டுக்குள் ஒரு விளக்கு

மேகலா படம் எடுக்கிறவள் என்று சொன்னால் ஓசூரில் முதலில் வரும் கேள்வி, "ஹீரோ யாரு?" என்பதுதான். ஹீரோ கிடையாது, பாட்டு கிடையாது, நடப்பதை நடப்பது போலவே எடுப்பதற்குப் பெயர் ஆவணப்படம் என்று அவள் பொறுமையாக விளக்குவாள். கேட்டவர் பரிதாபப்பட்டு, "நம்ம பொண்ணு மஞ்சத்தண்ணி விசேஷத்துக்கு வந்து நாலு போட்டோ எடுத்துக் குடும்மா" என்பார். அதையும் எடுப்பாள். கம்பெனிகளுக்குத் தீயணைப்புப் பயிற்சி வீடியோவும் எடுப்பாள். அதில் வருவதையெல்லாம் குந்தாரப்பள்ளி மாட்டுச் சந்தையில் கொண்டுபோய்க் கரைப்பாள்.

இரண்டு வருஷமாக அந்தச் சந்தையைப் பற்றித்தான் படம். வண்டியிலிருந்து மாடு இறங்குவது, பல் பிடித்துப் பார்ப்பது, கயிறு கை மாறுவது எல்லாம் எடுத்தாகிவிட்டது. பாக்கி ஒன்றே ஒன்று. அங்கே விலையை வாயால் பேசமாட்டார்கள். தரகரும் வாங்குகிறவரும் கையோடு கை சேர்த்து, மேலே ஒரு துண்டைப் போட்டு மூடிக்கொண்டு, உள்ளே விரலைப் பிடித்தே பேரத்தை முடிப்பார்கள். பக்கத்தில் நிற்கிறவனுக்கும் தெரியாது. அந்தத் துண்டுக்குள் நடப்பது இல்லாமல் படம் முழுசாகாது என்பது மேகலாவின் பிடிவாதம். படவிழாவுக்கு அனுப்ப அந்த வாரம்தான் கடைசி.

"உள்ளார கேமரா வெச்சா அப்புறம் துண்டு எதுக்கும்மா? இடுப்புல கட்டிக்கவா?" என்றார் தரகர் வெங்கடப்பன்.

"நிஜ பேரம் வேணாங்க. எங்கிட்டயே சும்மா செஞ்சு காட்டுங்க" என்றாள் மேகலா. நடிப்பே கூடாது என்கிற தன் கொள்கையின் மேலும் அவள் அப்போது ஒரு துண்டைப் போட்டு மூடிக்கொண்டாள்.

விடியாத பனியில், புளியமரத்தடியில், ஏற்பாடு நடந்தது. மாடு இல்லாமல் கை ஓடாது என்று சொல்லி, அன்று தாம் விற்றுத்தர வேண்டியிருந்த பொற்கொடியின் செவலைப் பசுவை வெங்கடப்பன் பக்கத்தில் கட்டிக்கொண்டார். பொற்கொடி டீ குடிக்கப் போயிருந்தாள். மேகலாவின் மணிக்கட்டில் தீப்பெட்டி அளவுக் கேமரா. பெரிய கேமராவைப் பிடித்தவன் சுபாஷ். மதுரைப் பக்கத்துக்காரன், ஓசூரில் வண்டி உதிரிபாகக் கம்பெனியில் வேலை, லீவு நாளில் மேகலாவுக்குக் கேமராமேன்.

"இருட்டா இருக்குக்கா. இன்னொருக்கா போடுங்க" என்றான், மணிக்கட்டுக் கேமராவின் படத்தைத் தன் செல்லில் பார்த்தபடி.

கையை எடுத்து மறுபடி கொடுத்தாள். துண்டு நழுவியது. இன்னொரு தடவை. எல்லாப் படத்திலும் நடக்கிற ரீடேக்தான். ஆனால் துண்டுக்குள்ளிருந்து ஒருவர் கையை இழுத்துக்கொண்டால், விலை படியவில்லை என்று பொருள். வெங்கடப்பனின் மனசுக்கு இது நடிப்பு என்று தெரியும். விரல்களுக்குத் தெரியவில்லை. பழகிய தோஷம், ஒவ்வொரு ரீடேக்குக்கும் அவை விலையில் ஒரு படி இறங்கின.

கடைசியில் மேகலா ஒரு சின்ன விளக்கை உள்ளே வைத்தாள்.

"இப்ப சோக்காத் தெரியுதுக்கா" என்றான் சுபாஷ்.

அவனுக்கு மட்டுமா தெரிந்தது? வெள்ளைத் துண்டு அந்த அரையிருட்டில் கண்ணாடிக் கூண்டு போல ஒளிர்ந்தது. அதன் மேல் விரல்களின் நிழல் பளிச்சென்று விழுந்தது. சந்தையே கூடி நின்று விலையைப் படித்தது.

பர்கூரிலிருந்து மாடு வாங்க வந்திருந்த மணிவேல் முன்னால் வந்தான். "தரகரே, அந்த விலைன்னா செவலைய நானே ஓட்டிக்கினு போறேன். கயித்த அவுருங்க."

டீ கிளாசோடு வந்த பொற்கொடிக்கு விஷயம் புரிய வெகுநேரம் ஆகவில்லை. "ஏன் தரகரே, என் மாட்டுக்குக் கால் மூணுதானா?"

"படத்துக்கு சும்மா புடிச்சது தாயி" என்றார் வெங்கடப்பன். காட்டிய விலையிலிருந்து தரகர் பின்வாங்கினால் அடுத்த வாரம் அவர் துண்டுக்குள் ஒருவரும் கை விடமாட்டார்கள்.

மணிவேல் விடவில்லை. "சும்மாவா? ரெண்டு வருசமா இந்தம்மா என்ன சொல்லிக்கினு இருக்குது? நடிக்காதீங்க, இது சினிமா இல்ல, எல்லாம் நெஜம்னு. போன மாசம் நான் தலை சீவிக்கினு வந்தேன்னு படம் புடிக்காம திருப்பி அனுப்புச்சு."

எல்லோரும் மேகலாவைப் பார்த்தார்கள். பெரிய கேமராவின் சிவப்பு விளக்கும் எரிந்துகொண்டிருந்தது. நடிப்பு என்று அவள் சொல்லிவிட்டால் இரண்டு வருஷம் காத்துக் கிடந்த காட்சி குப்பைக்குப் போகும். சொல்லாவிட்டால் வெங்கடப்பனின் பெயர் போகும், பொற்கொடியின் மாடு போகும். துண்டை எடுத்து மெதுவாக மடித்தாள்.

"நடிப்புதாங்க. நான்தான் நடிக்கச் சொன்னேன்."

"வெரலு?"

"அதுவும் நடிப்புதான்."

"அப்ப நான் தலை சீவினது மட்டும் குத்தமா?"

"குத்தமில்லீங்க. இனிமே சீவிக்கிட்டே வாங்க."

கூட்டம் சிரித்தது. மணிவேலுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. தோளிலிருந்த தன் துண்டை உதறி, "வாங்க தரகரே, நெஜத்துக்குப் பேசுவோம்" என்று கையை நீட்டினான்.

"உள்ள வெளக்கு கிளக்கு இருக்குதான்னு பாத்துக்குங்க தரகரே" என்று பொற்கொடி காவலுக்கு நின்றாள். பேரம் முடிந்தபோது வெங்கடப்பன் அவளைப் பார்த்துத் தலையசைத்தார். அவள் ஆறிப்போன டீயைச் சந்தோஷமாகவே குடித்தாள்.

மேகலா புளியமர வேரில் உட்கார்ந்து மணிக்கட்டுக் கேமராவை அவிழ்த்தாள். சுபாஷ் பக்கத்தில் வந்தான்.

"அக்கா, நான் நிப்பாட்டவே இல்ல."

பெரிய கேமராவின் திரையில் அவள் முகம். லென்சை நேராகப் பார்த்து, 'நான்தான் நடிக்கச் சொன்னேன்' என்கிறாள். பின்னால் வெங்கடப்பன் மூச்சு விடுகிறார். செவலை எதையோ மெல்லுகிறது.

"நடிப்புன்னு சொன்னீகள்ல, அதுல துளி நடிப்பு இல்லக்கா."

மறுபடி ஓட்டச் சொல்லிப் பார்த்தாள். அப்புறம் இன்னொரு தடவை.

"இதையே கடைசியில வெச்சிரலாம்" என்றாள். "ஆனா பாரு, தலைகூடச் சீவல."

"சீவியிருந்தா நீங்களே திருப்பி அனுப்பியிருப்பீக."